வேடம் கட்டி வந்தவர்

மாசி மகத்தன்று திருவேட்டக்குடி கடற்கரையில் நின்று பார்த்திருக்கிறீர்களா? இல்லையென்றால் ஒரு தடவை போய்விட்டு வாருங்கள்.

காரைக்காலிலிருந்து தரங்கம்பாடி போகிற ரோட்டில் வந்து, கடல் பக்கமாகத் திரும்ப வேண்டும். இன்றைக்கு வெளியூர்க்காரர்களுக்கு இது என்.ஐ.டி. இருக்கிற ஊர். 'எங்க பையன் அங்கதான் படிக்கிறான்' என்பார்கள். கோயில் எங்கே என்று கேட்டால் முழிப்பார்கள். சம்பந்தர் பாடிய தலம். சுவாமி பெயர் திருமேனி அழகர். பெயரிலேயே அழகை வைத்துக்கொண்டிருக்கிற இவர்தான், இந்த ஊர்க் கதையில் அழகையெல்லாம் கழற்றி வைத்துவிட்டு வேடனாக வருகிறார்.

கதை உங்களுக்குத் தெரியும். தெருக்கூத்தில் 'அர்ச்சுனன் தபசு' பார்த்தவர்களுக்கு இன்னும் நன்றாகத் தெரியும். பாசுபத அஸ்திரம் வேண்டி அர்ச்சுனன் தவம் இருக்கிறான். சிவன் வேடனாகவும் பார்வதி வேட்டுவச்சியாகவும் வருகிறார்கள். நடுவில் ஒரு பன்றி. இரண்டு பேருமே அம்பு விட்டுவிட்டு 'என் பன்றி', 'உன் பன்றி' என்று சண்டை. யாரை நினைத்து ஒற்றைக் காலில் நின்றானோ அவரையே அர்ச்சுனன் வில்லால் அடிக்கிறான். காட்டு வேடனுக்கு இவ்வளவு திமிரா என்று கேட்கிறான். எதிரே நிற்பவரைப் பார்க்காமல் அவர் போட்டிருந்த தோலையும் கையிலிருந்த வில்லையும் பார்த்து, 'இவன் இன்ன ரகம்' என்று ஒரு நொடியில் முடிவு கட்டிவிட்டான்.

வேடன், வேடம். இரண்டு சொல்லுக்கும் வேர் ஒன்றா இல்லையா என்று மொழி அறிஞர்கள் அடித்துக்கொள்ளட்டும். என் காதுக்கு இந்த ஊரில் இரண்டும் ஒன்றாகத்தான் விழுகிறது.

சில வருஷங்களுக்கு முன் ஒரு மாசி மகத்தில் நான் அங்கே இருந்தேன். சுவாமி கடலாட வருகிறார். (அதே நாளில் தெற்கே திருமலைராயன்பட்டினத்துக் கரையில் திருக்கண்ணபுரம் சௌரிராஜப் பெருமாள் வருவார். மீனவர்கள் அவரை 'மாப்பிள்ளை' என்பார்கள். கடவுளுக்கு இந்தக் கடற்கரையில் உறவுமுறை உண்டு.) கூட்டம் நெரிகிறது. என் பக்கத்தில் பட்டினவர் குப்பத்து அம்மா ஒருவர், அறுபதைத் தாண்டியவர், மணலில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டிருந்தார். முகம் அப்படி ஒரு முகம். நான் மரியாதையாகக் கேட்டேன், "அம்மா, ஒரு போட்டோ எடுத்துக்கட்டுமா?"

"எடுத்துக்கங்க தம்பி. சுனாமிக்கு எடுத்த மாதிரி மட்டும் எடுக்காதீங்க."

"அது எப்படி எடுத்தாங்க?"

"எம் புருஷன் மூணாம் நாளே உசிரோட கெடைச்சிட்டாரு. நான் அழுவல. கேமரா வச்சிருந்த ஒருத்தரு வந்து, கையத் தலையில வச்சிக்கிட்டு அழுவச் சொன்னாரு."

"அழுதீங்களா?"

"அழுதேன். அரிசி குடுக்க வந்தவங்களோட வந்தாரு. எப்புடி மாட்டேங்கிறது?"

நான் செல்போனைப் பையில் வைத்துவிட்டேன்.

2004 டிசம்பர் 26-க்குப் பிறகு வந்த சில வாரங்களில் இந்தக் கரையோரம் முழுக்கக் கேமராக்கள் அலைந்தன. கடலூரில் ராய்ட்டர்ஸின் ஆர்கோ தத்தா எடுத்த படம் உங்களுக்கு ஞாபகம் இருக்கலாம். மணலில் குப்புற விழுந்து, கைகளை விரித்து அழும் ஒரு பெண். அந்த ஆண்டின் உலகப் பத்திரிகைப் புகைப்பட விருது அதற்குத்தான். அந்தப் படம் பொய்யில்லை. அந்தத் துக்கமும் பொய்யில்லை. ஆனால் அந்த மாதிரிப் படங்கள் வந்தபின் 'மீனவப் பெண்' என்றால் கை விரித்து அழுகிறவள் என்று உலகத்துக்கு ஒரு அச்சு கிடைத்துவிட்டது. பிறகு வந்தவர்கள் அந்த அச்சில் வார்க்க ஆள் தேடினார்கள். ஆள் அழாவிட்டால் அழச் சொன்னார்கள்.

அன்று ராத்திரி காரைக்கால் லாட்ஜில் படுத்துக்கொண்டு நான் யோசித்தது பெங்களூர்க்காரர் ஒருவரைப் பற்றி. பெயர் புஷ்பமாலா.

புஷ்பமாலா என். என்று கடைசியில் இனிஷியல் போட்டுக்கொள்வார். 1956-ல் பெங்களூரில் பிறந்தவர். பரோடாவில் சிற்பம் படித்தார். சுடுமண் சிற்பங்களில் நல்ல பெயர் வாங்கினார். தொண்ணூறுகளின் நடுவில் மண்ணைக் கீழே வைத்துவிட்டு, தன்னையே மண்ணாக எடுத்துக்கொண்டார். வேடம் கட்டுவது, கேமரா முன் நிற்பது, அதைப் படமாகவோ வீடியோவாகவோ ஆக்குவது, ஒரு அறை முழுக்க அடுக்கி வைப்பது. நிகழ்த்துகலை, இன்ஸ்டலேஷன் என்று கலை விமர்சகர்கள் பெரிய பெரிய பெயர்கள் வைத்திருக்கிறார்கள். உங்களுக்கு அது எதுவும் வேண்டாம். 'வேஷம் கட்டுகிறவர்' போதும். நம் ஊரில் அதற்கு இரண்டாயிரம் வருஷத்துப் பழக்கம் இருக்கிறது.

மிகையாகச் சொல்கிறேன் என்று நினைத்தால் சிலப்பதிகாரத்தில் கடலாடு காதையைப் புரட்டிப் பாருங்கள். திருவேட்டக்குடியிலிருந்து இதே கரையில் வடக்கே போனால் பூம்புகார். அங்கே இந்திர விழாவில் மாதவி பதினோரு ஆடல் ஆடுகிறாள். சிவனாக, மாயோனாக, முருகனாக, கொற்றவையாக, திருமகளாக. கடைசியில் ஆடும் கடையம் என்கிற ஆட்டத்தில் இந்திராணி உழவுப் பெண் கோலத்தில் வருகிறாள். அதாவது மாதவி இந்திராணியாக, அந்த இந்திராணி உழத்தியாக. வேடத்துக்குள் வேடம். இதை இன்றைக்கு நியூயார்க்கில் ஒருவர் செய்தால் நாலு கட்டுரை வரும்.

புஷ்பமாலா முதலில் கட்டிய வேடம் முகமூடிக்காரி. 1996-98-ல் பம்பாயில் எடுத்த 'ஃபாண்டம் லேடி அல்லது கிஸ்மத்'. கறுப்பு வெள்ளைப் படங்களில் ஒரு துப்பறியும் கதை. முகமூடி போட்டு, தொப்பி வைத்து, நகரத்தில் அலைகிறார். பழைய 'ஃபியர்லெஸ் நாடியா'வுக்கு ஒரு சலாம். நாடியா 1935-ல் 'ஹண்டர்வாலி'யில் சாட்டையோடு வந்தவர். ஹண்டர் என்றால் இந்தியில் சாட்டை. இங்கிலீஷில் வேடன். பார்த்தீர்களா, சுற்றிச் சுற்றி நம் ஊருக்கே வருகிறது.

இதற்குப் பிறகு பழைய இந்திப் பட ஸ்டில் போட்டோகிராபர் ஜே.எச். தாக்கரின் பம்பாய் ஸ்டூடியோவில் போய் உட்கார்ந்து, அவர் அந்தக் கால நடிகைகளை எடுத்த அதே விளக்கு வெளிச்சத்தில் ஒன்பது ரசங்களுக்கும் முகம் கொடுத்தார். நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எனக்கு அது கொஞ்சம் ஆல்பம் மாதிரிதான் படுகிறது. அழகு அதிகம், அரிப்பு குறைவு.

அரிப்பு என்றால் அடுத்தது. 2000 முதல் 2004 வரை, பெங்களூரில் வாழும் பிரிட்டிஷ் புகைப்படக்காரர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து செய்தது. இந்தியா ஃபவுண்டேஷன் ஃபார் த ஆர்ட்ஸ் பண உதவி செய்தது. தலைப்பைத் தமிழில் சொன்னால் 'தென்னிந்தியாவின் சுதேசிப் பெண்கள்: பழக்க வழக்கங்கள்'. ஏதோ வெள்ளைக்காரக் கலெக்டர் எழுதிய தலைப்பு மாதிரி இருக்கிறதா? அப்படி இருக்க வேண்டும் என்றுதான் வைத்தார்.

இந்த இடத்தில் எட்கர் தர்ஸ்டனைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லாமல் நகர முடியாது. 1885-லிருந்து இருபது வருஷத்துக்கும் மேலே எழும்பூர் மியூசியத்தின் தலைவர். 1909-ல் கே. ரங்காச்சாரியின் துணையோடு ஏழு தொகுதி வெளியிட்டார். தென்னிந்தியச் சாதிகளும் பழங்குடிகளும் அகர வரிசையில். நம் கடற்கரைப் பட்டினவர்களுக்கும் அதில் ஒரு பகுதி உண்டு. மனுஷர் ஊர் ஊராக அளவுகோலோடு போவார். தலைச் சுற்றளவு, மூக்கு அகலம், மூக்கு நீளம், எல்லாவற்றையும் அளந்து குறித்துக்கொள்வார். வயநாட்டில் பணியர் பெண்கள் அவரைக் கண்டதும் ஓடிப்போனார்களாம். தங்களில் நல்லவர்களாகப் பார்த்துப் பிடித்துப் பஞ்சு அடைத்து மெட்ராஸ் மியூசியத்தில் வைத்துவிடுவார் என்று பயம். இதை அவரே எழுதியிருக்கிறார், வேடிக்கையாக. எனக்கு அந்தப் பெண்கள் ஒன்றும் தப்பாகப் புரிந்துகொண்டதாகத் தெரியவில்லை.

தர்ஸ்டன் மட்டுமில்லை. அந்தக் காலத்தில் கட்டம் போட்ட திரையை முதுகுக்குப் பின்னால் தொங்கவிட்டு, பழங்குடி ஆண்களையும் பெண்களையும் நிற்கவைத்துப் படம் பிடிப்பது ஒரு விஞ்ஞானம். கட்டத்தை எண்ணினால் உயரம் தெரியும். நிற்கிறவரின் பெயர் தெரியாது. அதைப் பற்றி யாருக்கும் அக்கறை இல்லை.

புஷ்பமாலா என்ன செய்தார் தெரியுமா? தென்னிந்தியப் பெண் என்றதும் நம் கண்ணுக்குள் தானாக வந்து நிற்கிற பத்துப் படங்களை எடுத்துக்கொண்டார். ரவிவர்மாவின் நிலவொளிப் பெண். அதே ரவிவர்மா வழியில் வந்த காலண்டர் லட்சுமி. குளத்திலிருந்து தண்ணீர் எடுத்துத் திரும்புகிறவள். பழைய பீஜாப்பூர் ஓவியத்து யோகினி. கட்டம் போட்ட திரை முன் நிற்கும் தோடர் பெண். பத்திரிகையில் வந்த, போலீஸில் பிடிபட்ட பெண்கள். சர்க்கஸ்காரி. கன்னட சினிமாவின் காதல் காட்சி. வேளாங்கண்ணி மாதா. பத்தாவது, எழுபதுகளின் தமிழ்ப்பட ஸ்டில் ஒன்று: சாட்டையோடு ஜெயலலிதா.

பத்துப் பேராகவும் தானே நின்றார். உடை, நகை, பின்னணித் திரை எல்லாம் மூலப் படத்தைப் பார்த்துச் செய்தவை.

அந்தச் சாட்டைப் படத்தில் கொஞ்சம் நிற்கலாம். தமிழனுக்குச் சாட்டை என்றால் 'எங்க வீட்டுப் பிள்ளை'. 1965. சாட்டை எம்.ஜி.ஆர். கையில். அது நீதியின் சாட்டை என்று கைதட்டினோம். அதே சாட்டை ஒரு நடிகையின் கைக்குப் போனால் அது கவர்ச்சி ஸ்டில். டீக்கடைச் சுவரில் ஒட்டுவதற்கு. புஷ்பமாலா இந்தப் படத்துக்கு நின்ற வருஷங்களில் அந்த ஸ்டிலில் இருந்தவர் கோட்டையில் முதலமைச்சராக இருந்தார். சுதேசிப் பெண் வகைகளில் ஒரு வகையாக முதலமைச்சரே! தமிழ்நாட்டில் இதைப் பற்றி யாரும் பெரிதாகப் பேசவில்லை. கலைக்கூடத்துக்குள் நடப்பது போஸ்டர் ஒட்டுகிறவர்களுக்குத் தெரிவதில்லை. அந்த வகையில் கலைஞர்கள் பிழைத்துப் போகிறார்கள். (சின்ன எழுத்துக் கலைஞர்களைச் சொன்னேன்.)

இதோடு விட்டிருந்தால் நல்ல மிமிக்ரி என்று சொல்லிவிட்டு நகர்ந்திருப்பேன். அடுத்து ஒரு காரியம் செய்தார். இந்த வேடங்களைக் கொண்டுபோய் அதே கட்டம் போட்ட திரையின் முன் நிறுத்தினார். பழுப்பு நிறத்தில் சின்னச் சின்னப் படங்கள். ஒவ்வொன்றுக்கும் மியூசியம் சீட்டு மாதிரி எழுத்தும் எண்ணும். தோடர் பெண்ணை அளந்தீர்களே, ரவிவர்மாவின் நாயகியையும் அளந்து பாருங்கள். மகாலட்சுமியையும் அளந்து பாருங்கள். பூஜை அறையில் ஊதுவத்தி காட்டுகிற படத்துக்கு எத்தனை கட்டம் உயரம் என்று எண்ணிப் பாருங்கள்.

முதலில் சிரிப்பு வருகிறது. அப்புறம் வயிற்றில் ஏதோ செய்கிறது. வீட்டில் மாட்டி வைத்திருக்கிற லட்சுமியும், கேமராக்காரர் அரிசியோடு வந்து அழச்சொன்ன அந்தக் குப்பத்து அம்மாவும், மியூசியத்துத் தோடர் பெண்ணும் ஒரே தொழிற்சாலையில் தயாரானவர்கள். யாரோ ஒருவர், பெரும்பாலும் ஆண், 'இப்படி நில், இப்படிப் பார்' என்று சொல்லி எடுத்த படங்கள். ரவிவர்மாவுக்கும் மாடல் உண்டு. அவளும் யாரோ சொல்லித்தான் நின்றாள்.

இருநூறுக்கும் மேற்பட்ட படங்கள் உள்ள இந்தத் தொகுப்பில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி கடைசியாக இருப்பது: வேலை நடந்த விதத்தைக் காட்டும் படங்கள். திரையின் ஓரம் தெரிகிறது. திரை தீட்டியவர், மேக்கப் போடுகிறவர், துணியைச் சரிசெய்கிறவர் எல்லோரும் தெரிகிறார்கள். தெருக்கூத்தில் கட்டியங்காரன் வந்துபோனபின் ராஜா வருவார் பாருங்கள், இரண்டு பேர் ஒரு துணியைப் பிடித்துக்கொள்ள, அதன் பின்னால் நின்று ஆடிக்கொண்டே வருவார். துணியைப் பிடித்திருக்கிற விரல்கள் நமக்கு நன்றாகத் தெரியும். அதில் ஒருவர் பீடியைக் காதில் சொருகியிருப்பதும் தெரியும். அதனால் துரியோதனன் வருகை எந்த விதத்திலும் குறைந்துபோவதில்லை. புஷ்பமாலா அந்த விரல்களைக் காட்டுகிறார்.

அமெரிக்காவில் சிண்டி ஷெர்மன் 1977 முதல் 1980 வரை தன்னையே விதவிதமான சினிமா நாயகிகளாக எடுத்த படங்கள் உலகப் பிரசித்தம். புஷ்பமாலாவை 'இந்தியாவின் சிண்டி ஷெர்மன்' என்று யாராவது எழுதினால் எனக்கு எரிச்சல் வரும். சூளூர்ப்பேட்டையைத் தென்னாட்டின் கேப் கென்னடி என்று சொல்வது மாதிரி. ஷெர்மன் எடுத்த சினிமாக் காட்சிகள் எந்தச் சினிமாவிலும் இல்லை. எல்லாம் அவர் கற்பனை. தனியாக வேலை செய்கிறவர். புஷ்பமாலா இது இன்ன படத்தின் நகல், இதைச் செய்தது இத்தனை பேர் என்று கணக்குக் காட்டுகிறார்.

வீடியோவுக்கு வருகிறேன். 2004-ல் 'ராஷ்ட்ரீய கீர், தேசீய சாலட்' என்று ஒரு சின்னப் படம். பழைய ஊமைப்படம் மாதிரி. அம்மாவும் மாமியாரும் வைத்திருந்த சமையல் குறிப்பு நோட்டுகளிலிருந்து எடுத்தது. சுதந்திரத்துக்குப் பிறகு வந்த புதுக் குடும்பம்: ராணுவ அப்பா, அம்மா, பிள்ளை. கரும்பலகையில் பாயசமும் தேசமும் கலந்து கலந்து வருகின்றன. என் அம்மாவின் சமையல் நோட்டு ஞாபகம் வந்தது. முன்பக்கம் மைசூர்பாகு, பின்பக்கம் பால் கணக்கு, நடுவில் என் ஸ்கூல் பீஸ். அம்மா எழுதிய ஒரே புத்தகம் அதுதான். வீடு மாற்றும்போது பழைய பேப்பரோடு போட்டுவிட்டோம். அதைக் கலை என்று பார்க்க எனக்கு ஒரு பெங்களூர்க்காரர் வரவேண்டியிருந்தது.

பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் 2017 செப்டம்பர் 5-ம் தேதி பெங்களூரில் தன் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். புஷ்பமாலா அதற்குச் செய்த எதிர்வினைகளில் ஒன்றின் பெயர் 'கௌரி லங்கேஷின் அர்ஜென்ட் சாரு'. சாரு என்றால் கன்னடத்தில் நம் ரசம். கௌரியின் அவசர ரசத்தைப் பார்வையாளர்கள் முன்னால் சமைப்பதுதான் நிகழ்ச்சி. வேலை நெருக்கடியில் ஓடிக்கொண்டிருந்த ஒருத்தி பத்து நிமிஷத்தில் வைத்துக் குடித்த ரசம். செத்தவரைச் சிலை ஆக்கிவிடுவது சுலபம். பசியோடு இருந்தவராக ஞாபகம் வைத்துக்கொள்வது கஷ்டம்.

இவ்வளவு சொன்னபின் என் சண்டையையும் சொல்லிவிட வேண்டும்.

லட்சுமியாக வேடம் கட்டினால் லட்சுமிக்கு ஒரு நஷ்டமும் இல்லை. ஜெயலலிதாவாகக் கட்டினால் அவருக்கும் இல்லை. ரவிவர்மாவுக்குக் கோடிக்கணக்கில் விலை. தோடர் பெண்ணாகக் கட்டும்போது? நீலகிரியில் தோடர்கள் இன்றும் இருக்கிறார்கள். அந்தப் பழைய படங்களில் நின்ற பெண்களுக்கு 'மாட்டேன்' என்று சொல்ல வழி இருந்ததா? புஷ்பமாலாவுக்கு இருந்தது. படப்பிடிப்பு முடிந்ததும் வேடத்தைக் கலைத்துவிட்டு அவர் காபி குடிக்கலாம். படத்தில் கையெழுத்துப் போட்டு விற்கலாம். அந்தப் பெண்ணுக்குக் கையெழுத்தும் இல்லை, விலையும் இல்லை. நூறு வருஷத்துக்கு முன் ஒரு வெள்ளைக்காரர் எடுத்த முகத்தை இப்போது ஒரு நகரத்துக் கலைஞர் கடன் வாங்குகிறார். நோக்கம் நல்ல நோக்கம். கடன் கடன்தான்.

'அதைத்தானே அவர் காட்டுகிறார், அந்தச் சங்கடத்தைத்தானே நீங்கள் உணர வேண்டும்' என்று ஒரு நண்பர் சொன்னார். ஒத்துக்கொள்கிறேன், பாதி. சங்கடத்தை உணர்வது கேலரிக்கு ஏசியில் வந்துபோகிற நானும் நீங்களும். தோடர்கள் வந்து பார்த்தார்களா, பார்த்தால் என்ன சொல்வார்கள் என்பது மீதிப் பாதி. 2019-ல் சென்னை போட்டோ பினாலேவைக் கலை இயக்குநராக இருந்து நடத்தியது புஷ்பமாலாதான். செனட் ஹவுஸ் மாதிரி, சாதாரண ஜனம் வெளியிலிருந்து மட்டும் பார்த்துப் பழகிய கட்டடத்துக்குள் படங்களை மாட்டினார்கள். பீச்சுக்கு வந்த குடும்பங்கள் உள்ளேயும் எட்டிப் பார்த்திருந்தால் நல்லது. என் சண்டையின் ஒரு பகுதிக்கு அவரே பதில் தேடிக்கொண்டிருந்தார் என்று நினைத்துக்கொள்கிறேன்.

காரைக்காலில் இருந்துகொண்டு இன்னொரு பெண்ணைப் பற்றிப் பேசாமல் எப்படி? புனிதவதி. கணவன் பரமதத்தன் அவளை ஒரு தெய்வம் என்று முடிவு கட்டிக் காலில் விழுந்தான். அதாவது அவனும் ஒரு சட்டம் போட்டு மாட்டிவிட்டான். மனைவி என்ற சட்டம் போய் அம்மன் என்ற சட்டம். அவள் என்ன செய்தாள்? இந்த அழகான உடம்பே வேண்டாம் என்று சதையை உதறினாள். பேய் வடிவம் கேட்டு வாங்கினாள். பாட்டிலும் தன் பெயரைப் பேய் என்றே போட்டுக்கொண்டாள். எலும்பும் நரம்புமாகக் கையில் தாளத்தோடு உட்கார்ந்திருக்கும் அந்தச் செப்புச் சிலைகளில் ஒன்று இன்றைக்கு நியூயார்க் மெட்ரோபாலிடன் மியூசியத்தில் இருக்கிறது. ஊரில் ஆனி மாதம் மாங்கனித் திருவிழாவில், கல்யாணத்தில் தொடங்கி அவள் கதை முழுவதும் தெருவில் நிகழ்கிறது. பிச்சாடனர் வரும்போது மாடியிலிருந்து மாம்பழம் வீசுகிறார்கள். தலையில் விழுந்தால் வலிக்கும், ஜாக்கிரதை.

பெண் தன் உருவத்தைத் தானே முடிவு செய்வது என்று புஷ்பமாலாவைப் பற்றி எழுதுகிறவர்கள் மூச்சு வாங்க எழுதுகிறார்கள். ஆனால் ஒரு வித்தியாசம், அது முக்கியம். அம்மையார் போட்ட வேடத்தைக் கலைக்கவில்லை. திரும்பி வரவே இல்லை. புஷ்பமாலா பத்து வேடத்திலிருந்தும் பத்திரமாகத் திரும்பி வந்தார். அதைக் குறையாகச் சொல்லவில்லை. அம்மையாரை அளவுகோலாக வைத்தால் யார்தான் தேறுவார்கள்?

மறுநாள் காலையில் மறுபடி திருவேட்டக்குடிக்குப் போனேன். நேற்றைய அம்மா கரையில் வலைப் பக்கத்தில் இருந்தார். செல்போனில் இருந்த படங்களைக் காட்டினேன். லட்சுமியைப் பார்த்து "காலண்டரு" என்றார். போலீஸில் பிடிபட்ட பெண்களைப் பார்த்து, "பாவம், என்ன பண்ணாங்க?" என்றார். நடிப்பு என்று சொன்னதும் சிரித்தார். வேளாங்கண்ணி மாதாவிடம் வந்ததும் போனைக் கையில் வாங்கிக்கொண்டார். வருஷா வருஷம் கொடியேற்றத்துக்கு நடந்து போகிறவராம்.

"மாதா மாதிரிதான் இருக்கு. ஆனா இது வேலவெட்டி பார்க்குற பொம்பள மொகம். மாதாவுக்கு அந்தக் களைப்பு இருக்காது."

இந்தத் தொகுப்பைப் பற்றி நான் படித்த எந்தக் கட்டுரையிலும் இது இல்லை.

"எல்லாத்துலயும் ஒரே அம்மாதான். அவங்களே வேஷம் கட்டி, ஒரு சிநேகிதியோட சேர்ந்து எடுத்துக்கிட்டாங்க" என்றேன்.

கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "அப்ப யாரும் அழுவச் சொல்லியிருக்க மாட்டாங்க" என்றார்.

பிறகு எழுந்தார். சேலையை உதறிச் சரிசெய்துகொண்டார். பேரனின் ஃபைபர் போட் பக்கத்தில் போய், ஒரு கையை அதன் மேல் வைத்து நின்றார். "இப்ப எடுங்க." எடுத்தேன். வாங்கிப் பார்த்தார். "கறுப்பா விழுந்திருக்கு, இன்னொண்ணு." எடுத்தேன். "போட்டு பேரு தெரியல, தள்ளி நில்லுங்க." மூன்றாவதுதான் சரி என்றார். பேரன் நம்பரைச் சொல்லி உடனே அனுப்பச் சொன்னார். அனுப்பினேன். இரண்டு நீல டிக் வருகிற வரை என்னை அந்த இடத்தை விட்டு நகர விடவில்லை.